வடவானில் ஆடும் ஒளி

புதியதோர் உலகைப் படைக்கும் கதாசிரியன் அதற்கேற்ற வானத்தையும் படைத்துக்கொள்கிறான். ஆங்கில நாவலாசிரியர் பிலிப் புல்மன் 1995ஆம் ஆண்டில் வெளியிட்ட, 'வடதிசை ஒளிகள்' எனப் பொருள்படும் நாவலிலும் அத்தகைய வானமொன்று உண்டு. அவ்வுலகிலே மனிதரின் ஆன்மா விலங்குருக் கொண்டு அவரவர் பக்கத்தில் நடமாடும். அங்கே ஒரு கல்லூரி அறையில், வடதுருவத்திலிருந்து மீண்ட அஸ்ரியல் பிரபு படமொன்றைத் திரையிலே காட்டுகிறார். இருண்ட வானில் ஒளித்திரைகள் தொங்குகின்றன. அவற்றினூடே கோபுரங்கள் சூழ்ந்த நகரமொன்று தெரிகிறது! அஃது ஒளிக்கு அப்பாலுள்ள வேறோர் உலகத்தின் நகரம்.

நகரம் கற்பனை, ஒளி கற்பனையன்று. அதனைக் காண விரும்புவோர்க்கு ஏற்ற இடம் நோர்வே நாட்டின் வடகோடி.

அங்குள்ள துரொம்சோ நகரில் நவம்பர் இறுதி தொடக்கம் சனவரி நடுப்பகுதிவரை சூரியன் அடிவானத்துக்கு மேலே எழுவதில்லை. நண்பகலிலும் நீலம் படிந்த மங்கல் வெளிச்சமே நிலவும். இப்பகுதி எமக்கு முற்றிலும் அந்நியமானதன்று. 1980களில் எம்மவர் பலர் பின்மார்க் மாகாணத்துக் கரையோர மீன் தொழிற்சாலைகளில் வேலை செய்தனர். வெயிலிலே பிறந்து வளர்ந்தவர்கள் பகலறியாத அக்குளிர்காலங்களைத் தாண்டினர்.

தெளிந்த இரவொன்றில் ஒளி முதலில் மெல்லிய வெண்முகிற் கீற்றுப்போல வானை வளைந்து நிற்கும். பின்னர் பச்சை நிறம் பெற்று, கொடியிலே காயும் சேலை காற்றில் அசைவதுபோல மடிப்பு மடிப்பாக ஆடும். சில வேளைகளில் அதன் கீழ்விளிம்பில் இளஞ்சிவப்பு ஓடும். சிறிது நேரத்தில் யாவும் மறைந்து விண்மீன்கள் மாத்திரம் எஞ்சும்.

இதனைக் கண்ட பண்டை மக்கள் வாளாவிருப்பரோ? பனிமீது ஓடும் நரியொன்று வாலால் தீப்பொறிகளை எழுப்புகிறது என்று எண்ணிய பின்லாந்து மக்கள் இதற்கு 'நரித்தீ' என்று பெயரிட்டனர். வடபுலத்தின் ஆதிக்குடிகளாகிய சாமி இனத்தவர் இவ்வொளியின் கீழ் நின்று சீழ்க்கையடிக்கலாகாது என்று பிள்ளைகளை எச்சரித்தனர்.

அச்சத்தைக் கேள்வியாக மாற்றியவர் நோர்வே விஞ்ஞானி கிறிஸ்தியான் பிர்க்கலாந்து. அல்டா என்னும் ஊருக்கு அருகே, ஏறக்குறைய 900 மீற்றர் உயரமுள்ள ஹல்டே மலையுச்சியில், 1899ஆம் ஆண்டில் கல்லாலான ஆய்வுகூடமொன்று எழுந்தது. கடும் புயல் வீசும் அவ்வுச்சியில் அவரும் உதவியாளரும் குளிர்காலத்தைக் கழித்தனர். பின்னர் தம் ஆய்வுசாலையிலே, காற்றகற்றிய பெட்டிக்குள் காந்தமூட்டிய சிறு கோளமொன்றை வைத்து, அதன்மீது இலத்திரன் கதிர்களைப் பாய்ச்சினார். கோளத்தின் இரு முனைகளையும் சுற்றி ஒளி பிறந்தது! வானத்து விந்தை ஒரு பெட்டிக்குள்ளே அடங்கியது.

1910ஆம் ஆண்டில் கார்ல் ஸ்தோமர் என்பவர் அல்டாப் பகுதியில், தொலைபேசியால் இணைந்த இரு நிலையங்களிலிருந்து ஒரே கணத்தில் இவ்வொளியைப் படம்பிடித்தார். அப்படங்களில் கோபுர நகரம் தெரியவில்லை. ஆனால் அவற்றை ஒப்பிட்டு, ஒளி நிலத்திலிருந்து ஏறக்குறைய 100 கிலோமீற்றரும் அதற்கு மேலும் உயரத்தில் உள்ளது என்று கணித்தறிய முடிந்தது.

இன்று நாம் அறிவது இது: சூரியனிலிருந்து ஓயாது வீசும் மின்னேற்றத் துணிக்கைகள் பூமியின் காந்தப்புலத்தைக் கலக்குகின்றன. அங்கே விசை பெற்ற இலத்திரன்கள் காந்தக் கோடுகள் வழியே துருவப் பகுதிகளில் இறங்கி வளியணுக்களை மோதுகின்றன. ஒட்சிசன் பச்சையாக ஒளிரும்; 200 கிலோமீற்றருக்கு மேலே சிவப்பாக ஒளிரும். நைதரசன் நீலமும் ஊதாவும் தரும். பூமியின் காந்தமத்திய கோட்டுக்கு அண்மையில் இலங்கை இருப்பதால் எமது வானில் இக்காட்சி தோன்றுவதில்லை. எனினும் 2024ஆம் ஆண்டு மே மாதத்துப் பெரும் சூரியப் புயலின்போது, இமயத்துக்கு அப்பால் லடாக்கிலுள்ள ஹன்லேயில் வானம் செந்நிறம் பூண்டது.

இவ்வறிவு இலவசமாகக் கிடைத்ததன்று. ஹல்டே ஆய்வுகூடம் எழுமுன்னர் நிகழ்ந்த பயணமொன்றில், பியோர்ன் ஹெலாந்து ஹான்சன் என்னும் மருத்துவ மாணவர் பனியிலே விரல்கள் பலவற்றை இழந்தார். சத்திரவைத்தியராகும் வாய்ப்பு அதனோடு போயிற்று. பின்னாளில் அவர் பெயர்பெற்ற கடலாராய்ச்சியாளரானார். 1900இல் எலிசார் போயே என்னும் உதவியாளர் பனிச்சரிவிலே உயிர் நீத்தார். பிர்க்கலாந்தும் உடல்நலம் குன்றி, 1917இல் தோக்கியோ நகரில், 50 வயது நிறையுமுன்னரே காலமானார். வானத்திலே மின்னோட்டம் பாய்கிறது என்ற அவரது கொள்கையை நெடுங்காலம் பலர் ஏற்கவில்லை. 1960களில் செய்மதிகள் அதனை மெய்ப்பித்தன.

நாவலின் முடிவிலும் ஒரு விலை கொடுக்கப்படுகிறது. ஒளியைப் பிளந்து மறுவுலகுக்கு வழி திறக்க அஸ்ரியல் பிரபுவுக்குப் பெருஞ்சக்தி வேண்டும். அதற்காக அவர் ரொஜர் என்னும் ஏழைச் சிறுவனைப் பலியிடுகிறார். வழி திறக்கிறது, அவர் கடந்து செல்கிறார், சிறுவன் பனியிலே கிடக்கிறான்.

இரு கதைகளும் ஒளியைத் தேடிச் சென்றவர்களின் கதைகளே. ஆனால் ஹல்டே மலையில் தலைவரும் உதவியாளரும் ஒரே கூரையின்கீழ் ஒரே குளிரைத் தாங்கினர்; வந்த ஆபத்தும் பொதுவாயிருந்தது. அறிவுக்கு விலை உண்டு என்பதை எல்லாரும் கூறுவர். அவ்விலையை யார் கொடுக்கிறார், அவரிடம் கேட்டுத்தான் பெறப்பட்டதா என்பதையும் விஞ்ஞானம் கற்கும் மாணவர் ஆராய்தல் வேண்டும்.

1944இல் பின்வாங்கிய சேர்மன் படையினர் ஹல்டே ஆய்வுகூடத்தை எரித்தனர். பின்னர் அது செப்பனிடப்பட்டது. கோடையில் மலையேறிச் செல்வோர் அக்கற்சுவர்களை இன்றும் காணலாம். குளிர்காலம் வந்ததும் அவற்றின்மேல் அதே பச்சை ஒளி ஆடுகிறது.