பூந்தமல்லியிலிருந்து அம்பத்தூர் வரை: ஒரு வாசனைப் பயணம்

"விற்காம மிஞ்சிப்போற மல்லிகைப்பூவை வெச்சு, ஷேவிங்குக்கு அப்புறம் தடவுற வாசனை லோஷனை வீட்டுலயே செய்ய முடியுமா? கடையில வாங்குறது முகத்துல எரியுது, விலையும் கூடுதல்." திருவள்ளூர் மாவட்டத்து வாசகர் ஒருவர் கேட்ட கேள்வி இது. சென்னையின் மேற்கு ஓரத்திலேயே பதில் தேடலாம் என்று பூந்தமல்லியில் இறங்கினேன். பூவின் பெயரையே ஊர்ப் பெயராக வைத்திருக்கும் இடமாயிற்றே!

பூ இருந்த ஊர்

பூவிருந்தவல்லி என்பதுதான் பேச்சுவழக்கில் பூந்தமல்லி ஆகியிருக்கிறது. இங்குள்ள வரதராஜப் பெருமாள் கோயிலில் தாயாருக்குப் புஷ்பவல்லி என்று பெயர். ராமானுஜர் காலத்தவரான திருக்கச்சி நம்பிகள் பிறந்த ஊரும் இதுவே. குடும்பச் சொத்தில் தனக்கு வந்த பங்கைக் கொண்டு நந்தவனம் அமைத்து, காஞ்சிபுரம் வரதருக்குப் பூ கொண்டுபோனவர், விசிறி வீசித் தொண்டு செய்தவர் என்று வைணவ மரபு அவரைச் சொல்கிறது.

இன்று நெடுஞ்சாலையின் இரு பக்கமும் கடைகளும் அடுக்குமாடிகளும்தான். கோயில் வாசலில் கட்டி விற்கிற பூவில் பெரும்பகுதி கோயம்பேடு சந்தையிலிருந்து வருகிறது. முகூர்த்த நாளில் எகிறுகிற விலை, மறுநாளே தரைக்கு வந்துவிடும். "சாயங்காலத்துக்குள்ள போகலைன்னா மறுநாள் யாருங்க வாங்குவா?" என்றார் பூக்கட்டும் அம்மா ஒருவர். பறிப்புக்கூலிகூட மிஞ்சாத நாளில் பூவை வேறு பொருளாக மாற்றலாமா என்று விவசாயி நினைப்பது நியாயம்தான்.

சலூனில் இருக்கும் பதில்

கடைத்தெருவை ஒட்டிய சந்தில் ஒரு சிறிய சலூன். சவரம் முடிந்ததும் அங்கே இருந்த அண்ணன் எடுத்தது பாட்டிலை அல்ல, ஒரு வெள்ளைக் கல்லை. தண்ணீரில் நனைத்துக் கன்னத்தில் தடவினார். லேசான சுருக்கம், குளிர்ச்சி, அவ்வளவுதான். "கம்பெனி லோஷனும் இருக்குது சார். ஆனா வயசானவங்க இதைத்தான் கேப்பாங்க" என்றார்.

அது படிகாரம். சவரக்கத்தி முடியோடு தோலின் மேல்படலத்தையும் மெல்லச் சுரண்டிவிடுகிறது. கண்ணுக்குத் தெரியாத கீறல்கள் விழுகின்றன. சோப்பு நுரையின் காரம் எரிச்சலைக் கூட்டுகிறது. படிகாரத்தின் துவர்ப்பு தோலைச் சுருக்கி, சிறு ரத்தக்கசிவை நிறுத்துகிறது. கிருமி பெருகுவதையும் ஓரளவு தடுக்கிறது. கடை லோஷன்களில் பலவும் இந்த வேலைக்கு ஆல்கஹாலை நம்புகின்றன. வாசகர் சொன்ன எரிச்சலுக்குப் பெரும்பாலும் அதுதான் காரணம். தோலையும் அது உலர்த்திவிடும்.

ஒரே கல்லைப் பலர் முகத்தில் தேய்ப்பது மட்டும் கூடாது. கீறலில் கசியும் ரத்தத்தின் வழியாக மஞ்சள் காமாலைக் கிருமி போன்றவை ஒருவரிடமிருந்து இன்னொருவருக்குப் பரவ வாய்ப்புண்டு. சலூனுக்குப் போகிறவர்கள் சொந்தமாக ஒரு துண்டுப் படிகாரம் எடுத்துப்போகலாம். நாட்டு மருந்துக் கடையில் சில ரூபாய்க்குக் கிடைக்கும்.

மாங்காடும் திருவேற்காடும்

இந்தப் பகுதியில் மரத்தின் பெயரைத் தாங்கிய ஊர்கள் நிறைய. பூந்தமல்லிக்கு அருகிலேயே மாங்காடு. அங்கே காமாட்சி அம்மன் கோயிலில் உள்ள அர்த்தமேரு, எட்டு வாசனைப் பொருட்கள் சேர்ந்த அஷ்டகந்தத்தால் ஆனது. அதனால் அதற்கு நீர் அபிஷேகம் கிடையாது, குங்கும அர்ச்சனைதான். வாசனைப் பொருளும் தண்ணீரும் சேர்ந்தால் என்ன ஆகும் என்பது அந்தக் காலத்திலேயே தெரிந்திருக்கிறது. நம் வீட்டு வாசனை நீருக்கும் இதே சிக்கல்தான். அதற்குப் பிறகு வருகிறேன்.

வடக்கே கூவம் ஆற்றை ஒட்டித் திருவேற்காடு. வேல மரக்காடு என்பதால் வந்த பெயர். வேதபுரீசுவரர் கோயிலின் தலமரம் வெள்வேலம். கருவேலம், வெள்வேலம் இரண்டின் பட்டையிலும் துவர்ப்பு அதிகம். தோல் பதனிடவும் பல் துலக்கவும் நம் முன்னோர் வேலம்பட்டையை எடுத்தது அந்தத் துவர்ப்புக்காகவே. பட்டைக் கஷாயத்தை முகத்துக்கும் தடவலாம்தான். ஆனால் பழுப்புக் கறை ஒட்டும், சீக்கிரம் கெடும். படிகாரமே வசதி.

மல்லிகை ஏன் பானையில் வாசம் தராது?

இப்போது வாசகரின் மல்லிகைக்கு வருவோம். பூவைத் தண்ணீரில் போட்டு, ஆவியைக் குளிரவைத்துப் பிடிப்பதுதான் பன்னீர் எடுக்கும் முறை. பன்னீர் ரோஜா, வெட்டிவேர், மரிக்கொழுந்து மூன்றும் இதற்கு இணங்கும். மல்லிகை இணங்காது. அதன் நறுமணம் மென்மையானது. கொதிநீரின் சூட்டில் வெந்த இலை வாடைதான் மிஞ்சும். சத்தியமங்கலம், திண்டுக்கல் பக்கத்துத் தொழிற்சாலைகளில் ஹெக்சேன் என்ற கரைப்பானைக் கொண்டு மல்லிகையிலிருந்து மெழுகு போன்ற பொருளை எடுக்கிறார்கள். 1,000 கிலோ பூவுக்கு ஒரு சில கிலோ மெழுகுதான் கிடைக்கும். ஹெக்சேன் எளிதில் தீப்பிடிக்கும். வீட்டில் அதைத் தொடவே கூடாது.

மல்லிகைக்கு வேறு வழி உண்டு. வாசனைத் தொழிலுக்குப் பேர்போன உத்தரப்பிரதேசத்தில், எள்ளையும் மல்லிகை வகைப் பூவையும் அடுக்கடுக்காகப் பரப்பி வைப்பது பழைய முறை. எள் பூவின் மணத்தை இழுத்துக்கொள்ளும். வாடிய பூவை நீக்கிப் புதுப் பூ போடுவார்கள். பல நாள் இப்படிச் செய்து கடைசியில் எள்ளை ஆட்டி எண்ணெய் எடுப்பார்கள். தோல் நீக்கிய எள் கால் கிலோவும் மாலையில் மலரத் தொடங்கும் குண்டுமல்லியும் இருந்தால் நம் வீட்டிலும் பார்க்கலாம். ஒவ்வொரு மாலையும் புதுப் பூ, மறுநாள் சலித்து நீக்குதல் என 7 முதல் 10 நாள். பூவில் பனி ஈரம் இருக்கக் கூடாது. இருந்தால் எள் பூஞ்சணம் பிடிக்கும். இந்த எண்ணெயில் 2 சொட்டைச் சவரத்துக்குப் பிறகு ஈரமுகத்தில் தடவினால் வறட்சி இருக்காது. எண்ணெய்ப் பசை முகத்துக்கும், பரு உள்ளவர்களுக்கும் இது வேண்டாம்.

செய்முறை

பன்னீர் ரோஜா இதழ் 250 கிராம், தண்ணீர் 1 லிட்டர். வாய் அகன்ற எவர்சில்வர் பாத்திரத்தின் நடுவில் ஒரு சிறு முக்காலி வைத்து, அதன்மேல் ஒரு கிண்ணம். சுற்றிலும் இதழும் தண்ணீரும். குமிழ் மூடியைத் தலைகீழாகக் கவிழ்த்து, அதன்மேல் ஐஸ்கட்டி. அடுப்பு சிறு தீயில் இருக்கட்டும். மேலே போகும் ஆவி குளிர்ந்து, மூடியின் நடுவழியே கிண்ணத்தில் சொட்டும். 200 மி.லி. சேர்ந்ததும் நிறுத்திவிடுங்கள், அதற்கு மேல் எடுப்பதில் மணம் குறையும். பாத்திரத்தில் தண்ணீர் வற்றிவிடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். மாலைக்கு வருகிற கொத்து ரோஜா, பூச்செண்டு ரோஜா நிறத்துக்குத்தான், மணம் கிடைக்காது.

வெட்டிவேர் 100 கிராமை மண் போகக் கழுவி, நறுக்கி, ஒரு இரவு ஊறவைத்து இதே முறையில் எடுக்கலாம். வெட்டிவேரின் எண்ணெய் மெதுவாகத்தான் ஆவியோடு வரும் என்பதால், வீட்டில் கிடைக்கும் நீரில் மெல்லிய மண்வாசம் இருக்கும். ஆண்களுக்கான வாசனைப் பொருட்களில் வெட்டிவேர் உலகம் முழுக்கவே விரும்பப்படுவது. நம் மாநிலத்தில் கடலூர் மாவட்டக் கடலோர மணல் நிலங்களில் நன்றாக விளைகிறது.

கலக்கும் அளவு, 100 மி.லி.க்கு: ரோஜா நீர் 75, வெட்டிவேர் நீர் 20, கிளிசரின் 5 மி.லி. (ஒரு டீஸ்பூன்), படிகாரத் தூள் அரை முதல் 1 கிராம். கால் டீஸ்பூனுக்குச் சற்றுக் குறைவாக எடுத்தால் சரியாக இருக்கும். படிகாரத்தை வெதுவெதுப்பான ரோஜா நீரில் முதலில் கரைத்து, ஆறியதும் மற்றவற்றைச் சேருங்கள். படிகாரம் கூடினால் தோல் வறண்டு இறுகும்.

மாங்காட்டில் சொல்லிவைத்த சிக்கல் இங்கேதான். தண்ணீர் உள்ள வாசனைப் பொருளில் கிருமி வளரும். கொதிநீரில் போட்டெடுத்து உலர்த்திய கண்ணாடிப் புட்டியில் ஊற்றி, ஃப்ரிட்ஜில் வைத்தால் இரண்டு வாரம் வைத்துக்கொள்ளலாம். கலங்கினாலோ, வாடை மாறினாலோ கொட்டிவிடுங்கள். கற்றாழைச் சோறு சேர்க்க விரும்பினால், மஞ்சள் பால் வடிந்த பிறகு அன்றன்றைக்கு எடுத்துத் தடவுவதே நல்லது. புட்டியில் கலந்தால் சீக்கிரம் கெடும்.

செய்யக் கூடாதவை

எலுமிச்சைச் சாறும் தோலும் வேண்டாம். அதைத் தடவிக்கொண்டு வெயிலில் வயலுக்குப் போனால், தோல் வெந்து கருந்திட்டு விழும். வார்னிஷுக்குக் கலக்கும் ஸ்பிரிட்டை வாங்கிக் கலக்குவது அதைவிட மோசம். குடிக்க முடியாதபடி நஞ்சூட்டப்பட்ட பொருள் அது. அதில் மெத்தனால் இருக்கலாம். மெத்தனால் தோல் வழியாகவும் மூச்சு வழியாகவும் உடலுக்குள் போகும், கண்பார்வையைப் பறிக்கும்.

பூ எங்கிருந்து வந்தது என்பதும் முக்கியம். மொட்டுப்புழுவுக்கும் பேனுக்கும் மருந்தடித்த பூவில் செய்ததை, கீறல் விழுந்த தோலில் தடவ வேண்டாம். மருந்தடிக்காத சொந்தத் தோட்டத்துப் பூ இருந்தால் மட்டும் இறங்குங்கள். முதல் முறை முழங்கையின் உட்புறத்தில் தடவி ஒரு நாள் பாருங்கள். அரிப்போ தடிப்போ வந்தால் முகத்துக்கு வேண்டாம்.

ஆவடி, அம்பத்தூர்: விற்பனை பற்றி

திருவேற்காட்டிலிருந்து ஆவடிக்குப் போகும் வழியில் பருத்திப்பட்டு. பெயரில் பருத்தி இருக்கிறது. நேரில் இருப்பது ஏரியும் அதைச் சுற்றி நடைபாதையும். ஆவடி என்றதும் டாங்கித் தொழிற்சாலைதான் நினைவுக்கு வரும். அடுத்து அம்பத்தூர். 1964-இல் தொடங்கிய தொழிற்பேட்டையைச் சுற்றி இன்றும் வெல்டிங், லேத் பட்டறைகள் ஏராளம். எவர்சில்வரில் குளிர்குழாயோடு 20 லிட்டர் வாலை ஒன்றைச் செய்து வாங்க, இப்படிப்பட்ட பட்டறைகளே போதும். நான்கைந்து குடும்பங்கள் சேர்ந்து ஒன்று வாங்கலாம்.

வாங்குவதற்கு முன் ஒன்றை யோசியுங்கள். சொந்த உபயோகத்துக்குச் செய்ய யாரையும் கேட்க வேண்டாம். ஆனால் முகத்தில் தடவும் பொருளை விற்பனைக்காகச் செய்தால், அது அழகுசாதனப் பொருள். 1940-ஆம் ஆண்டு மருந்து மற்றும் அழகுசாதனப் பொருட்கள் சட்டம், 2020-ஆம் ஆண்டு அழகுசாதன விதிகள் ஆகியவற்றின்படி மாநில மருந்துக் கட்டுப்பாட்டுத் துறையின் உரிமம் தேவை. தனி இடம், தகுதியான ஆள், பரிசோதனை என்று செலவு நீளும். "வீட்டிலேயே செய்து மாதம் லட்சம் சம்பாதிக்கலாம்" என்று யாராவது பயிற்சிக்குக் காசு கேட்டால், உரிமம் பற்றி முதலில் கேளுங்கள்.

ஆகவே வாசகருக்குப் பதில் இதுதான். மிஞ்சும் மல்லிகையைச் சவர நீராக்கி விலைச் சரிவிலிருந்து தப்ப முடியாது. அந்தப் பூவுக்கு, தொழிற்சாலைக்குப் பூ அனுப்பும் வியாபாரியோடு பேசிவைப்பதே வழி. வீட்டுத் தேவைக்கு, கிணற்றடியில் நான்கைந்து பன்னீர் ரோஜாச் செடியும், மணலும் எருவும் நிரப்பிய பழைய சாக்குகளில் வெட்டிவேரும் போதும். வரப்பில் நட்ட வெட்டிவேரைப் பிடுங்கினால் வரப்பு போய்விடும். சாக்கில் வளர்த்தால் 15 மாதம் கழித்துச் சாக்கைக் கிழித்து வேரை முழுதாக எடுத்துக்கொள்ளலாம். அதுவரை காத்திருக்கவும் வேண்டாம். கால் கிலோ ரோஜாவும் ஒரு துண்டுப் படிகாரமும் கிடைத்தால் இந்த ஞாயிற்றுக்கிழமையே ஒரு புட்டி செய்து பாருங்கள். எப்படி வந்தது என்று எங்களுக்கு எழுதுங்கள்.