120 ரூபாய் நாற்றும் மாமியாரின் பாத்தியும்

கோத்தகிரி பக்கம் ஒரு ஹட்டியில் இருக்கிறோம். வீட்டுக்குப் பின்னால் 4 சென்ட் காய்கறிப் பாத்தி. தேயிலை விலை இறங்கும் மாதங்களில் அந்த 4 சென்ட்தான் எங்களுக்குக் கை கொடுக்கும். 30 வருஷமாக என் மாமியார் பார்த்துக்கொண்ட இடம் அது. கோஸ், முள்ளங்கி, பீன்ஸ், பூண்டு என்று மாற்றி மாற்றிப் போடுவார். நாற்று மட்டும் வெளியிலிருந்து வாங்கவே மாட்டார். விதையை வாங்கித் தானே நாற்று விடுவார்.

அந்த வழக்கத்தை உடைத்தது நான்தான்.

ஐந்து வருஷத்துக்கு முன், கடைபோகச் சமயம். பெங்களூரிலிருந்து வந்த என் மகள், "பிரஸ்ஸல்ஸ் ஸ்ப்ரவுட்ஸ் நம்ம தோட்டத்துல வராதா அம்மா?" என்று கேட்டாள். எலுமிச்சம்பழத்தைவிடச் சின்னதாக, தண்டைச் சுற்றி வரிசையாக ஒட்டிக்கொண்டு வரும் குட்டிக் கோஸ். எங்கள் மலையில் இதையும் சேர்த்து 'சைனீஸ் காய்கறி' என்பார்கள். பெல்ஜியம் தலைநகரின் பெயர் கொண்ட காய்க்கு எப்படி இந்தப் பெயர் வந்ததோ! விதை போட்டால் நாற்றுக்கே ஒரு மாதம் ஆகும் என்று அவசரப்பட்டு, சந்தைக்குப் போனபோது 40 நாற்று வாங்கி வந்தேன். நாற்று 3 ரூபாய். வேரில் ஈரமண் உருண்டையாக ஒட்டியிருந்தது. நல்ல நாற்று என்று சந்தோஷப்பட்டேன்.

ஆறு வாரம் நன்றாக இருந்தது. பிறகு மதிய வெயிலில் இலை தொங்க ஆரம்பித்தது. சாயங்காலம் நிமிர்ந்துவிடும். தண்ணீர் போதவில்லை என்று நினைத்து இன்னும் ஊற்றினேன். அது இரண்டாவது தப்பு. மாமியார்தான் ஒரு செடியைப் பிடுங்கிப் பார்த்தார். வேர் இருக்க வேண்டிய இடத்தில் இஞ்சிக் கிழங்கு மாதிரி வீங்கிக் கிடந்தது.

"எங்க வாங்கின?" என்றார். வேறு எதுவும் சொல்லவில்லை.

நூற்புழு என்றுதான் முதலில் நினைத்தேன். நூற்புழு என்றால் வேரில் மணி மணியாக முடிச்சு இருக்கும். இது வேரே தடித்துப்போகும் 'கிளப் ரூட்' எனும் வேர்வீக்க நோய். கோஸ், காலிஃபிளவர், முள்ளங்கி, டர்னிப், கடுகு என்று அந்தக் குடும்பத்தையே பிடிக்கும். அமில மண்ணும் ஈரமும் இதற்குக் கொண்டாட்டம். எங்கள் மண் பரிசோதனை அட்டையில் பி.ஹெச். 5.1. வித்துகள் மண்ணில் 20 வருஷம்கூடக் கிடக்குமாம். பிடுங்கியதில் பாதியை நான் ஏற்கெனவே எருக்குழியில் போட்டிருந்தேன். அந்த எருவைக் கோஸுக்குப் போட்டால் நோயை நானே பரப்புவதாகிவிடும். பிறகு மிச்சத்தை வெயிலில் காயவைத்து எரித்தோம். குழி எருவை ரோஜாச் செடிகளோடு நிறுத்திக்கொண்டோம்.

120 ரூபாய் நாற்றுக்கு, மாமியாரின் பாத்தியில் இனி கோஸ் கிடையாது. டோலமைட் சுண்ணாம்பு போட்டுக்கொண்டு வருகிறோம். அது நோயை அடக்கும், ஒழிக்காது. கோஸில் வைரமுதுகு அந்துப்பூச்சியை இழுக்க ஓரத்தில் கடுகு விதைப்பார்களே, அதுவும் அங்கே கூடாது. இப்போது அங்கே பீன்ஸும் உருளையும் பூண்டும்தான்.

ஸ்ப்ரவுட்ஸை நான் விடவில்லை. வீட்டின் மறுபக்கம், அதுவரை கோஸே போடாத ஒன்றரை சென்ட்டில் மறுபடி ஆரம்பித்தேன். ஜூலை கடைசியில் குழித்தட்டில் தென்னை நார்க்கழிவு நிரப்பி விதைக்கிறேன். ஐந்தாறு இலை வந்ததும் இரண்டடி இடைவெளியில் நடவு. இந்தச் செடிக்கு மண் இறுக்கமாக இருக்க வேண்டும். நட்டதும் காலால் அழுத்தி மிதிப்பேன். பொலபொல மண்ணில் செடி காற்றுக்கு ஆடும், காயும் இறுகாது. மழை நாளில் குச்சி கட்டாவிட்டால் சாய்ந்துவிடும். தழைச்சத்தை அள்ளிப் போட்டாலும் காய் இலையாக விரிந்துவிடும். கீழே மஞ்சளாகும் இலையை அவ்வப்போது ஒடித்துவிடுவேன். டிசம்பரில் அடியிலிருந்து மேலே பறித்துக்கொண்டு போக வேண்டியதுதான். ஒரே நாளில் எல்லாவற்றையும் எதிர்பார்க்கக் கூடாது. உறைபனி பட்ட பிறகு பறித்தால் ஒரு தித்திப்பு இருக்கும். நான்காக வெட்டித் தேங்காய் போட்டுப் பொரியல் செய்யலாம். அதிகம் வெந்தால் வீடே நாறும்.

சமவெளியில் வருமா என்று கேட்பவர்களுக்கு: கோயம்புத்தூரில் என் தங்கை மாடியில் வைத்துப் பார்த்தாள். செடி நன்றாக வளர்ந்தது, காய் இறுகவில்லை. குளிர் போதாது. இலையைத்தான் கீரையாகக் கடைந்தாள்.

மாமியாருக்கு இப்போது 78 வயது. கோஸ் போடும் மாதம் வந்தால் பழைய பாத்தி ஓரம் ஒரு நிமிஷம் நின்றுவிட்டுப் போவார். புதுப் பாத்திக்கு நான் போகும்போது வாசலில் வாளித் தண்ணீரோடு உட்கார்ந்திருக்கிறார். பழைய பக்கம் மிதித்த செருப்பையும் மண்வெட்டியையும் கழுவாமல் என்னை உள்ளே விடுவதில்லை. போன வாரம் நாற்று வேண்டுமா என்று பக்கத்து வீட்டுக்காரர் கேட்டார். நான் வாயைத் திறக்கும் முன்னே, "வேண்டாம்ப்பா, எங்க வீட்டிலேயே இருக்கு" என்று சொல்லி அனுப்பிவிட்டார்.