யோனாவைப் பார்த்துச் சிரிக்கலாமா?

பைபிள் என்றதும் பலருக்கு ஞாபகம் வருவது கறுப்பு அட்டையும் கனமான குரலும்தான். அந்தக் குரலிலேயே வாசித்துப் பழகியதால் அதில் இருக்கும் நகைச்சுவை பலர் கண்ணில் படுவதே இல்லை.

சிரிப்பு ஆதியாகமத்திலேயே ஆரம்பித்துவிடுகிறது. தொண்ணூறு வயதை நெருங்கும் சாராளுக்குப் பிள்ளை பிறக்கும் என்று சேதி வருகிறது. கூடாரத்துக்குள் ஒட்டுக்கேட்டுக்கொண்டிருந்த கிழவி மனதுக்குள் சிரிக்கிறாள். ஏன் சிரித்தாய் என்று கேட்டால், சிரிக்கவே இல்லையே என்று சாதிக்கிறாள். பிறந்த பிள்ளைக்கு வைத்த பெயர் ஈசாக்கு. எபிரேயத்தில் அதற்கு 'அவன் சிரிக்கிறான்' என்று பொருள்!

ஆனால் முழு நீளக் காமெடி என்றால் அது யோனாதான். மொத்தம் 4 அதிகாரம், 48 வசனம். கடவுள் கிழக்கே நினிவேக்குப் போகச் சொல்கிறார். இவர் மேற்கே தர்ஷீசுக்குக் கப்பல் ஏறுகிறார். புயல் அடிக்கிறது. வேற்று மதத்து மாலுமிகள் எல்லோரும் அவரவர் சாமியைக் கும்பிட, தீர்க்கதரிசி மட்டும் கீழ்த்தட்டில் நல்ல தூக்கம். அவரை எழுப்பி ஜெபம் பண்ணச் சொல்வது கப்பல் தலைவன்!

மீன் விழுங்கிக் கக்கிய பிறகு வேறு வழியில்லாமல் நினிவேக்குப் போகிறார். அங்கே அவர் செய்யும் பிரசங்கம் எபிரேயத்தில் வெறும் 5 வார்த்தை. இன்னும் நாற்பது நாளில் ஊர் அழியும், அவ்வளவுதான். மனம் திரும்புங்கள் என்றுகூடச் சொல்லவில்லை. ஆனாலும் ராஜா முதல் ஊரே உபவாசம் இருக்கிறது. ஆடு மாடுகளுக்கும் பட்டினி, அவற்றுக்கும் சாக்குத்துணி! இப்படி ஒரு வெற்றி எந்தப் பிரசங்கிக்காவது கிடைத்திருக்குமா? யோனாவுக்கோ கடுங்கோபம். எதிரியை மன்னித்துவிட்டீரே, நான் சாகிறேன் என்கிறார். பிறகு நிழல் கொடுத்த ஆமணக்குச் செடி வாடியதற்கும் சாகிறேன் என்கிறார்.

இந்தக் கோபத்துக்குக் காரணம் உண்டு. நினிவே அசீரியாவின் தலைநகரம். அந்த அசீரியாதான் கி.மு. 722-ல் வட இஸ்ரவேல் ராஜ்யத்தை அழித்து, ஜனங்களை நாடு கடத்தியது. நினிவே கி.மு. 612-ல் வீழ்ந்து வெகுகாலம் கழித்தே இந்தக் கதை எழுதப்பட்டது என்பது பெரும்பாலான ஆய்வாளர்களின் கருத்து. காயம் ஆறாத ஜனங்களிடம் போய், அந்த ஊர்க்காரன் மேலும் கடவுளுக்கு இரக்கம் உண்டு என்று நேராகச் சொன்னால் யார் கேட்பார்கள்? கதையாகச் சொன்னதால் யோனாவைப் பார்த்துச் சிரித்திருப்பார்கள். சிரித்து முடிக்கும்போது, அந்த யோனா நாம்தானே என்று சிலருக்காவது உறைத்திருக்கும்.

யாரோ வெளியாள் யூதர்களைக் கேலி செய்து எழுதியதில்லை இது. அவர்களே எழுதி, அவர்களே வேதமாகப் பாதுகாத்தது. யோம் கிப்பூர் அன்று, தங்கள் பாவத்துக்கு மன்னிப்புக் கேட்டு உபவாசம் இருக்கும் மதியவேளையில், இன்றும் இதைத்தான் வாசிக்கிறார்கள். அடுத்தவனுக்கு மன்னிப்புக் கிடைத்ததே என்று பொருமிய ஆளின் கதையை!

கிறிஸ்தவர்களின் அப்போஸ்தலர் நடபடிகளிலும் இதே குசும்பு உண்டு. சிறையில் இருக்கும் பேதுருவுக்காகச் சபையார் ஜெபிக்கிறார்கள். தேவதூதன் அவரை விடுவிக்க, இரும்புக் கதவு தானாகத் திறக்கிறது. அவர் வந்து வீட்டுக் கதவைத் தட்டினால், வேலைக்காரப் பெண் ரோதை சந்தோஷத்தில் திறக்க மறந்து உள்ளே ஓடுகிறாள். உள்ளே ஜெபித்துக்கொண்டிருந்தவர்களோ, உனக்குப் பைத்தியமா என்கிறார்கள். கேட்டது கிடைத்ததை நம்பாதவர்கள் அவர்களேதான்.

எல்லாச் சிரிப்பும் இப்படி இல்லை என்பதையும் சொல்ல வேண்டும். எலியா பாகாலின் தீர்க்கதரிசிகளைப் பார்த்து, உங்கள் சாமி தூங்குகிறாரோ என்று நக்கலடிக்கிறார். அந்தக் காட்சி கீசோன் ஆற்றங்கரையில் அவர்களை வெட்டிப் போடுவதில் முடிகிறது. யோனாவின் கதையிலோ ஒருவரும் சாகவில்லை, மாடுகள் உட்பட. லட்சத்து இருபதாயிரம் பேரும் அத்தனை மாடுகளும் இருக்கும் ஊருக்காக நான் பரிதபிக்க வேண்டாமா என்று கடவுள் கேட்பதோடு புத்தகம் முடிகிறது. யோனா பதில் சொன்னாரா என்பது எழுதப்படவில்லை. வாசிப்பவர்தான் சொல்ல வேண்டும்.