ஆச்சியின் இலையில் ஒரு கரண்டி கீரை

ஆடித் தபசு வந்துவிட்டால் சங்கரன்கோவிலில் வீட்டுக்கு வீடு விருந்தாளிகள்தான். தென்காசி மாவட்டத்துக்கே உள்ளூர் விடுமுறை விடுவார்கள். ஊசி முனையில் தவமிருந்த கோமதி அம்மனுக்கு இறைவன் சங்கரநாராயணராகக் காட்சி கொடுத்த நாள். சாயங்காலம் ரத வீதிக்குக் கிளம்புவதற்கு முன்னால், மத்தியானம் இலை போட்டு விருந்து.

அந்த வீட்டிலும் அப்படித்தான். ஆனால் எண்பதைத் தாண்டிய ஆச்சி மட்டும் இரண்டு வருடமாகப் பந்தியில் உட்காரவில்லை. "பல்லில்லாதவளுக்கு எதுக்கு எலை?" என்று மோர்சோற்றுக் கிண்ணத்தோடு அடுப்படிக்குள் போய்விடுவார். அமெரிக்காவில் வேலை பார்த்த பேத்தி அதை வீடியோ காலில் பார்த்தாள். அன்று முழுக்க அவளுக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

அங்கே நவம்பர் நான்காவது வியாழக்கிழமை தேங்க்ஸ்கிவிங் விருந்து. தோழி வீட்டில் 'க்ரீம்டு ஸ்பினாச்' வைத்தார்கள். வெண்ணெயில் மைதாவை வறுத்து, பால் ஊற்றி, வெந்த பாலக்கீரையைச் சேர்த்து, ஜாதிக்காய் தூவியிருந்தார்கள். மெல்லவே வேண்டாம், வழுக்கிக்கொண்டு போனது. 'ஆச்சிக்கு இதைச் செய்து கொடுக்கணும்' என்று அப்போதே முடிவு செய்துவிட்டாள்.

ஊர் திரும்பி வந்த ஆண்டு, தபசுக்கு முதல் நாள் இரவு, ஃப்ரெஷ் க்ரீம் பாக்கெட் இரண்டோடு சென்னையில் பொதிகை எக்ஸ்பிரஸ் ஏறினாள். காலையில் மார்க்கெட்டில் பாலக்கீரை இல்லை. சிறுகீரைதான் கிடைத்தது. க்ரீம் பாக்கெட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்த ஆச்சி, "டப்பாப் பாலு எதுக்குட்டி? தேங்கா கிடக்குல்லா" என்றார். அதற்குப் பிறகு ஆச்சி சொல்லச் சொல்ல, பேத்தி செய்தாள்.

ஆறு பேருக்குச் சிறுகீரை 2 கட்டு, பாசிப்பருப்பு 50 கிராம், தேங்காய் 1 மூடி. தேங்காயை அரைத்து, முதல் பால் அரை டம்ளர், இரண்டாம் பால் ஒரு டம்ளர் எடுத்துக்கொள்ள வேண்டும். பருப்பைக் குழைய வேகவைத்து, பொடியாக நறுக்கிய கீரை, 1 பச்சை மிளகாய், 1 டீஸ்பூன் சீரகம், இரண்டாம் பால் சேர்த்து வேகவிட வேண்டும். மூடி போடக்கூடாது. போட்டால் கீரையின் பச்சை நிறம் மங்கிவிடும். வெந்ததும் மத்தால் கடைந்து, மைதாவுக்குப் பதிலாக 1 டீஸ்பூன் அரிசி மாவைத் தண்ணீரில் கரைத்து ஊற்றி, இரண்டு நிமிடம் கொதிக்க விட வேண்டும். கீரை வெந்து சுண்டிய பிறகுதான் உப்பு. கடைசியில் தீயைக் குறைத்து முதல் பாலை ஊற்றி, ஓரத்தில் நுரை கட்டியதும் இறக்கிவிட வேண்டும். கொதித்தால் பால் திரிந்துவிடும்.

"அத்தைக்குக் காரம் ஆகாதும்மா" என்று அம்மா சொன்னதால்தான் ஒரே ஒரு பச்சை மிளகாய். ருசி பார்த்த ஆச்சி முகத்தைச் சுளித்தார்.

"காய்ச்சக்காரிக்கு வச்ச மாதிரில்லா இருக்கு. எனக்குப் பல்லுதாம்ட்டி போச்சு. நாக்கு போகல."

தபசு அன்று விவசாயிகள் தங்கள் காட்டில் விளைந்த பருத்தியையும் மிளகாய் வத்தலையும் அம்மனுக்குச் சூறை விடுகிற ஊர் அது. அங்கேயே வாழ்ந்த நாக்கு சப்பென்ற சாப்பாட்டை எத்தனை நாள் பொறுத்துக்கொள்ளும்? வயதானவர் என்றதும் வீட்டில் எல்லோரும் சேர்ந்து முதலில் குறைத்தது காரத்தைத்தான். அவருக்குத் தேவைப்பட்டதோ குழைவு மட்டும்.

பேத்தி தேங்காய் எண்ணெயைக் காயவைத்தாள். கடுகு, உளுந்தம்பருப்பு, கிள்ளிய வத்தல் 3, கறிவேப்பிலை, ஒன்றிரண்டாகத் தட்டிய மிளகு 1 டீஸ்பூன். தாளித்துக் கொட்டியதும் வாசலில் இருந்த மாமா தும்மினார். (வயிற்றுப்புண் உள்ளவர்கள் வத்தலையும் மிளகையும் குறைத்துக்கொள்ளலாம்.)

அன்று ஆச்சிக்கும் இலை போட்டார்கள். குழைந்த சோற்றில் கீரையைப் பிசைந்து நிதானமாகச் சாப்பிட்டார். இரண்டாவது கரண்டியும் வாங்கிக்கொண்டார். கீரை என்றாலே ஓடுகிற கொள்ளுப்பேரன்கூட ஆச்சியைப் பார்த்து இன்னும் கொஞ்சம் கேட்டான்.

சட்டியில் மிச்சமில்லை. நல்லதுதான், தேங்காய்ப்பால் ஊற்றிய கீரையை மறுநாளைக்கு வைக்க முடியாது. க்ரீம் பாக்கெட்டுகள் மட்டும் பிரிக்காமல் ஃப்ரிட்ஜில் இருந்தன.