வாலை எங்கே ஒளிப்பது?

அனிமேஷன் கற்றுக்கொள்ளக் கோடம்பாக்கம் வருகிறவனை முதலில் கம்ப்யூட்டர் முன்னால்தான் உட்கார வைப்பார்கள். எங்கள் மாஸ்டர் என் கையில் கத்தரிக்கோலைக் கொடுத்தார். கறுப்புச் சார்ட்டில் கை, கால், தலை எனத் தனித்தனியே வெட்டி, மூட்டுகளில் நூல் முடிந்து, கண்ணாடிமேல் கிடத்தி, மேலிருந்து கேமராவில் ஒவ்வொரு ஃபிரேமாக எடுக்கும் கட்-அவுட் வேலை. விநாடிக்கு 24 ஃபிரேம். ஒரு நிலையை இரண்டு ஃபிரேம் எடுத்தால், 12 முறை நகர்த்தினால் போதும். காகிதம் பறக்குமென்று ஃபேன் போட முடியாது, மே மாதத்திலும்தான்.

பாத்திரம், சுன் வூகோங். ‘மேற்கு நோக்கிய பயணம்’ என்ற 16ஆம் நூற்றாண்டுச் சீன நாவலின் குரங்கு ராஜா. அவன் துணைக்குப் போகிற துறவிக்கு மூலம், காஞ்சிபுரம் வரை வந்த நம் பாடப்புத்தக யுவான் சுவாங். அப்புறம் குரங்கு மட்டும் இங்கே வரக்கூடாதா என்பார் மாஸ்டர்.

ஷாங்காயில் வான் லாய்மிங் இயக்கி, 1961இலும் 1964இலும் இரு பாகமாக முடிந்த, இதே குரங்கின் ‘சொர்க்கத்தில் அமளி’ படத்தைப் போட்டுப் பார்த்தோம். அந்தச் சீன ஓப்பரா முகம் என்னை விடவில்லை. “மூஞ்சிய விடுடா. நிழலப் பாத்தே ஆளு தெரியணும்” என்றார் மாஸ்டர்.

நாவலில் அவனுக்கு 72 உருமாற்றம் தெரியும். எர்லாங் என்ற தேவன் துரத்தும்போது சின்னக் கோயிலாக மாறிவிடுகிறான். வாய் வாசல், பல் கதவு, கண் ஜன்னல். வாலை என்ன செய்வது? கொடிக்கம்பமாக்கிப் பின்னால் நட்டுக்கொள்கிறான். கம்பம் பின்னால் நிற்கிற கோயிலை எங்கேயும் பார்த்ததில்லையே என்று எர்லாங் கண்டுபிடித்துவிடுகிறான்.

இந்தக் காட்சிக்காக வடபழனி கோயிலுக்குப் போய்க் கொடிமரத்தை வரைந்து வந்தேன். நம்மூரிலும் அது சன்னதிக்கு எதிரேதான். சீனக் கூரையை எடுத்துவிட்டுக் கோபுரம் வைத்தோம். வாலைத் துண்டு துண்டாக வெட்டி, இடுக்கியால் நகர்த்தினேன். அடி முதலில் திரும்ப வேண்டும், நுனி கடைசியில். எல்லாம் சேர்ந்து திரும்பினால் அது குச்சி.

ஓட்டிப் பார்த்தபோது டீ கொண்டுவந்த அண்ணன் நின்று பார்த்தார். “என்ன தம்பி, கொடிமரத்தப் பின்னாடி நட்டுட்டீங்க?” கதை அவருக்குத் தெரியாது.

2014இல் ‘கோச்சடையான்’ வந்ததிலிருந்து, இங்கே பலருக்கு அனிமேஷன் என்றாலே மோஷன் கேப்சர்தான். அது நடிகரின் அசைவைப் பிடித்துத் தரும். நடிகருக்கு இல்லாத வாலை இன்னொருவர் உட்கார்ந்து அசைத்துத்தான் ஆகவேண்டும்.