சினிமா பார்க்கக் கற்றுக்கொடுத்த ஃபாதர்

1961-ம் ஆண்டு. கனடாவின் மான்ட்ரியல் நகரத்தில் பிறந்த ஓர் இளைஞர் கல்கத்தாவுக்குக் கிளம்பினார். பெயர் காஸ்தோன் ரோபெர்ஜ். வயது 26. இயேசு சபையில் சேர்ந்து குருவாகப் பயிற்சி பெற்றுக்கொண்டிருந்தவர். வழியில் நியூயார்க்கில் தங்கியபோது, சத்யஜித் ரேயின் அப்பு வரிசைப் படங்கள் மூன்றையும் பார்த்தார்.

அதில் முதல் படமான 'பதேர் பாஞ்சாலி'யில் ஒரு காட்சி வரும். பிழைப்புத் தேடி வெளியூர் போன அப்பா ஹரிஹர், நெடுநாள் கழித்து வீடு திரும்புகிறார். வாங்கி வந்த சாமான்களை ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டுகிறார். மகள் துர்காவுக்கு ஒரு புடவை. துர்கா இறந்துவிட்டாள் என்பது அவருக்குத் தெரியாது. புடவையை வாங்கிக்கொண்ட அம்மா சர்பஜயா உடைந்துபோகிறாள். அவள் குரல் நமக்குக் கேட்காது. அந்த இடத்தில் ஒரு வாத்தியம்தான் அழுகிறது. இதைப் புரிந்துகொள்ள வங்காள மொழி தெரிய வேண்டுமா என்ன?

தான் வேலை செய்யப்போகும் மண்ணின் மனிதர்களை ரோபெர்ஜ் முதலில் சந்தித்தது திரையில்தான். ஊர் போய்ச் சேருமுன்னே அவர்கள் மேல் பிரியம் வந்துவிட்டது.

கல்கத்தா வந்ததும் ரேயைத் தேடி ஓடினாரா? இல்லை. இருவரும் சந்திக்கச் சுமார் ஒன்பது ஆண்டுகள் ஆயின. பிரபலத்தை வேடிக்கை பார்க்கிறவராகப் போய் நிற்க அவருக்கு விருப்பமில்லை. இடையில் அமெரிக்கா சென்று, லாஸ் ஏஞ்சல்ஸில் உள்ள கலிபோர்னியா பல்கலைக்கழகத்தில் சினிமா படித்தார். பிறகு தொடங்கிய நட்பு, 1992-ல் ரே மறையும்வரை நீடித்தது.

1970-ல் ரேயின் ஆதரவோடு அவர் தொடங்கியதுதான் 'சித்ரபாணி'. சினிமா, புகைப்படம், ஒலிப்பதிவு ஆகியவற்றை இளைஞர்கள் கற்றுக்கொள்ள ஓர் இடம். பின்னர் புனித சவேரியார் கல்லூரியில் கல்விப் படங்கள் தயாரிக்கும் மையத்துக்கும் தலைமை ஏற்றார். ஒரு காலத்தில் தூர்தர்ஷனில் யுஜிசி நிகழ்ச்சிகள் வருமே, நினைவிருக்கிறதா? இப்படிப்பட்ட மையங்களில்தான் அவை உருவாயின.

'சாமி கும்பிடுகிற பிள்ளைக்கு சினிமா எதற்கு?' என்று கேட்ட வீடுகள் நம் ஊரில் எத்தனையோ. இந்தக் குருவானவரோ கலைப்படங்களோடு நிற்காமல், ஜனங்கள் கூட்டம் கூட்டமாகப் போய்ப் பார்த்த 'ஷோலே'யையும் ஆராய்ந்து எழுதினார். அதைப் புரிந்துகொள்ள அவர் கையில் எடுத்தது நம்முடைய நாட்டிய சாஸ்திரத்தை! இத்தனை பேர் விரும்பும் ஒன்றை ஏளனம் செய்து ஒதுக்கிவிட்டால், அந்த மனிதர்களையும் அல்லவா ஒதுக்கியதாகிவிடும்?

2020 ஆகஸ்ட் 26 அன்று, 85-வது வயதில், கல்கத்தாவிலேயே அவர் காலமானார்.

இன்று நம் வீட்டுப் பிள்ளைகளின் கையில் எந்நேரமும் ஏதோ ஒரு படம் ஓடிக்கொண்டிருக்கிறது. செல்போனைப் பிடுங்கி வைப்பது ஒரு வழி. பக்கத்தில் உட்கார்ந்து சேர்ந்து பார்த்துவிட்டு, 'அந்த அம்மா ஏன் அழுதாள்?' என்று கேட்பது இன்னொரு வழி. பதில் சொல்லப் பிள்ளை கொஞ்சம் யோசிக்கும். அதுவரை நாம் காத்திருக்கலாம்.