550 லிட்டர் பால், ஒரு சக்கரம்

ஒன்றரை மாசமா இங்கே ஒண்ணும் எழுதலை. நாலஞ்சு பேர் போன் பண்ணி உடம்புக்கு ஏதாச்சுமான்னு கேட்டீங்க. உடம்பெல்லாம் நல்லாத்தான் இருக்குது. இத்தாலிக்குப் போயிருந்தோம், நானும் எங்க வீட்டுக்காரம்மாவும்.

பொண்ணு அங்கே போலோன்யாங்கிற ஊர்ல பல்கலைக்கழகத்துல ஆராய்ச்சிப் படிப்பு படிக்குது. 1088-ல ஆரம்பிச்சதுன்னு சொல்லிக்கிற பழைய பல்கலைக்கழகம் அது. "படிப்பு முடியறதுக்குள்ள ஒருக்கா வந்து பாத்துட்டுப் போங்கப்பா"ன்னு ரெண்டு வருஷமாக் கூப்பிட்டுக்கிட்டே இருந்துச்சு. மஞ்சளுக்கு மண் அணைச்சு முடிச்ச கையோட, மூணு மாட்டையும் மச்சான்கிட்ட ஒப்படைச்சுட்டு அக்டோபர்ல கிளம்பினோம்.

கோயில், கோபுரமெல்லாம் நீங்க போட்டோவிலேயே பாத்திருப்பீங்க. நான் ஒரே ஒரு சாயங்காலத்தைப் பத்தித்தான் எழுதப்போறேன்.

அந்த ஊர்ல இப்படி ஒரு ஏற்பாடு இருக்குது. பொழுது சாயற நேரத்துல உள்ளூர்க்காரர் ஒருத்தர் ஏழெட்டுப் பேரைக் கூட்டிக்கிட்டு, சந்து சந்தா நடந்து, கடை கடையா நிறுத்தி, அந்தப் பக்கத்துச் சாப்பாட்டையும் ஒயினையும் ருசி பாக்க வைப்பாங்க. மூணு மணி நேரம். ஒரு ஆளுக்கு 85 யூரோ. நான் மனசுக்குள்ள கணக்குப் போட்டேன், ஒரு மாட்டுக்கு ஒரு மாசத் தீவனத்துக்கு மேல ஆகுது. வேண்டாம் சாமின்னு சொல்லிப் பாத்தேன். முன்னாடியே பணம் கட்டியாச்சுன்னு பொண்ணு சொல்லிட்டுது. கட்டின பணம் வீணாகப்படாது, போனோம்.

எங்களைக் கூட்டிட்டுப் போனது நாப்பது வயசு இருக்கிற ஒரு அம்மா. அவங்க இங்கிலீஷ்ல சொல்லச் சொல்ல, பொண்ணு எங்களுக்குத் தமிழ்ல சொல்லுச்சு. கூட வந்தவங்க ஒரு ஜெர்மன் ஜோடி, அமெரிக்காக்காரங்க மூணு பேர். பியாட்சா மஜ்ஜோரேங்கிற பெரிய மைதானத்துல சேந்து, அதை ஒட்டின பழைய கடைவீதிக்குள்ள நுழைஞ்சோம். குவாத்ரிலாத்தெரோன்னு பேரு. நம்ம ஈரோடு கடைவீதி மாதிரி குறுகலான சந்துதான். மீன், காய், கறி, பாலாடைக்கட்டி எல்லாத்தையும் வாசல்லயே அடுக்கி வச்சிருக்காங்க.

அந்த ஊருக்கு மூணு பட்டப்பேர் இருக்குதாம். படிச்ச ஊர், சிவப்பு ஊர், கொழுத்த ஊர். சுவரெல்லாம் செங்கல் நிறம், அதனால சிவப்பு. கொழுத்த ஊர்ங்கிறது சாப்பாட்டுக்காக. இதை வெக்கமில்லாம, பெருமையாச் சொல்றாங்க.

முதல் கடையில மொர்த்ததெல்லா குடுத்தாங்க. பன்னிக்கறியை மையா அரைச்சு, வெள்ளைக் கொழுப்பைத் துண்டு துண்டாச் சேத்து, பெரிய உருளையாக் கட்டி வேக வைக்கிறது. அதைக் காகிதம் மாதிரி மெல்லிசாச் சீவித் தர்றாங்க. வாயில போட்டாக் கரைஞ்சு போகுது. இதை எப்படிச் செய்யணும்னு 1661-லயே அந்த ஊரை ஆண்ட பாதிரியார் சட்டம் போட்டிருக்காராம். கலப்படம் பண்ணினா தண்டனை. இப்போ ஐரோப்பா முழுக்க அந்தப் பேருக்குச் சட்டப் பாதுகாப்பு இருக்குது.

அடுத்தது ஒரு சின்னக் கடை. ரெண்டு வயசான அம்மாக்கள் ஒரு நீளக் கட்டையை வச்சு மாவு தேச்சுக்கிட்டு இருந்தாங்க. 100 கிராம் மாவுக்கு ஒரு முட்டை, தண்ணி கிடையாது. தேச்சுத் தேச்சு, வெளிச்சத்துல காட்டினா அந்தப் பக்கம் தெரியற அளவுக்கு ஆனதும், சுருட்டி நாடா நாடாவா வெட்டறாங்க. தாலியத்தெல்லேன்னு பேரு. இதோட அகலம் வெந்ததுக்கப்புறம் 8 மில்லிமீட்டர் இருக்கணும்னு 1972-ல ஊர் வர்த்தக சபையில பதிவு பண்ணியிருக்காங்க. அதுக்குத் தங்கத்துல ஒரு மாதிரி செஞ்சு அங்கேயே வச்சிருக்காங்க. அந்த 8 மில்லிமீட்டர் எங்கிருந்து வந்துச்சுன்னு கேட்டா, ஊர் நடுவுல நிக்கற 97 மீட்டர் உசரக் கோபுரத்தைக் காட்டறாங்க. அதை 12,270 பங்காக்கினா ஒரு பங்குதான் அந்த அகலம். எனக்குச் சிரிப்பு வந்துருச்சு. வீட்டுக்காரம்மா சிரிக்கலை. "பணியாரக்குழி இவ்வளவு ஆழம் இருக்கணும்னு நம்மூர்ல எழுதி வைக்க ஆளிருக்கா?"ன்னு கேட்டாங்க. பதில் சொல்ல எனக்கு ஒண்ணும் தோணலை.

அந்தக் கோபுரத்துக்குப் பக்கத்துலயே குட்டையா இன்னொண்ணு நல்லாச் சாஞ்சு நிக்குது. 2023-ல இருந்து சுத்திலும் அடைச்சு வச்சு, முட்டுக் குடுக்கற வேலை நடக்குது. அதைத் தாண்டித்தான் எனக்கு முக்கியமான கடைக்குப் போனோம்.

பார்மிஜானோ ரெஜ்ஜானோ. பாலாடைக்கட்டி. உள்ளே போனதும் அலமாரி நிறைய வண்டிச் சக்கரத்தைச் சின்னதாக்கி அடுக்கின மாதிரி இருந்துச்சு. ஒரு சக்கரம் ஏறத்தாழ 40 கிலோ. அதுக்கு 550 லிட்டர் பால் ஆகுதுன்னு அந்த அம்மா சொன்னாங்க. அதுவரைக்கும் மரியாதைக்குத் தலையாட்டிக்கிட்டு இருந்தவன், அங்கேதான் காதைத் தீட்டினேன்.

பால், உப்பு, உறை. வேற எதுவும் சேக்கக் கூடாது. சாயங்காலப் பாலை ராத்திரி முழுக்க அகலமான தொட்டியில வச்சு, மேல வர்ற ஏட்டை எடுத்துட்டு, காலைப் பாலோட கலந்து செப்பு அண்டாவுல காச்சறாங்க. மாட்டுக்கு ஊறுகாய்ப்புல் போடக் கூடாது, சட்டமே இருக்குது. காஞ்ச புல்லும் பச்சைப் புல்லும்தான், அதுலயும் பெரும்பங்கு அந்த மண்ணுல விளைஞ்சதா இருக்கணும். சக்கரத்தை உப்புத்தண்ணியில ஊற வச்சு, அப்புறம் மரப்பலகையில அடுக்கிடறாங்க. குறைஞ்சது 12 மாசம், நல்லதுன்னா 24 மாசம். ஒரு வருஷம் ஆனதும் ஒருத்தர் சின்னச் சுத்தியலோட வந்து ஒவ்வொரு சக்கரத்தையும் தட்டிப் பாக்கறார். நாம தேங்காயைத் தட்டிப் பாக்கறோமே, அதே வேலைதான். உள்ளே வெடிப்போ பொக்கோ இருந்தா சத்தம் காட்டிக் குடுத்துரும். தேறலைன்னா மேல இருக்கற பேரைச் சுரண்டி எடுத்துடுவாங்க. பேரில்லாமத்தான் அது சந்தைக்குப் போகணும்.

உறை எதுன்னு வீட்டுக்காரம்மா கேக்கச் சொன்னாங்க. கன்னுக்குட்டி வயித்துல இருந்து எடுக்கறதுன்னு தெரிஞ்சதும், கையில இருந்த துண்டைத் தட்டுல வச்சுட்டாங்க. அப்புறம் தொடவே இல்லை. நான் சாப்பிட்டேன். கல்லு மாதிரி இருந்து வாயில போனதும் பொடிப் பொடியா உதிருது. நடுவுல நெருநெருன்னு ஏதோ கடிபடுது. நாட்பட்டதால உண்டாகற படிகமாம் அது.

கிலோ 24 யூரோன்னு அட்டையில போட்டிருந்துச்சு. யூரோ 90 ரூபாய்னு வச்சுக்குங்க. ஒரு சக்கரம் 86,400 ரூபாய். 550 லிட்டர் பாலை எங்க ஊர் சொசைட்டியில ஊத்தினா, லிட்டர் 37 ரூபாய்னு பாத்தாலும் 20,350. ரெண்டு வருஷம் வச்சுக் காப்பாத்தற செலவு, கடைக்காரர் லாபம் எல்லாம் அதுக்குள்ள இருக்குது, தெரியும். எனக்கு உறுத்தினது விலை இல்லைங்க. அந்தச் சக்கரத்தோட ஓரத்துல பாலாடைக்கட்டி செஞ்ச இடத்தோட எண், செஞ்ச மாசம், வருஷம் எல்லாம் புள்ளி புள்ளியாப் பதிஞ்சிருக்குது. நிறைய இடங்கள் பால் ஊத்தறவங்களே சேந்து நடத்தற கூட்டுறவுதான். நம்மதும் கூட்டுறவுதான். ஆனா நான் ஊத்தற பால் கேன்ல விழுந்து, டேங்கருக்குப் போனதும் யார் பால்னு யாருக்கும் தெரியாது. கொழுப்பு எவ்வளவு, எஸ்என்எஃப் எவ்வளவு, அவ்வளவுதான் என் பேர்.

இன்னொண்ணும் சொன்னாங்க. ரெஜ்ஜியோ எமிலியாவுல கிரெடிடோ எமிலியானோன்னு ஒரு வங்கி, இந்தச் சக்கரங்களை அடமானமா வாங்கிக்கிட்டுக் கடன் குடுக்குது. வங்கியோட கிட்டங்கியிலயே அது பக்குவமாகிக்கிட்டு இருக்கும். நம்ம ஒழுங்குமுறை விற்பனைக்கூடத்துல மஞ்சளை வச்சு பொருளீட்டுக்கடன் வாங்கறோமே, அந்த மாதிரி. ஒரு வித்தியாசம் என்னன்னா, அங்கே நாள் ஆக ஆக அடமானப் பொருளோட மதிப்பு ஏறுது.

அதே கடையில மோதெனா ஊர்க் காடி ரெண்டு சொட்டு விட்டுக் குடுத்தாங்க. திராட்சைச் சாறைக் காச்சி, வேற வேற மரத்துல செஞ்ச பீப்பாய்ல வருஷக் கணக்கா மாத்தி மாத்தி ஊத்தி வைக்கிறது. குறைஞ்சது 12 வருஷம். பொண்ணு பொறந்தா ஒரு வரிசை பீப்பாய் ஆரம்பிச்சு வைக்கிற வழக்கம் அங்கே இருந்திருக்கு. நாம தென்னம்பிள்ளை வச்ச மாதிரி. எங்க பொண்ணு பொறந்தப்ப வச்ச தென்னை இன்னும் காய்க்குதுன்னு அந்த அம்மாகிட்டச் சொல்லச் சொன்னேன். அவங்களுக்கு ரொம்ப சந்தோஷம்.

கடைசியா ஒயின். ஒஸ்தெரியா தெல் சோலேங்கிற கடை, 1465-ல இருந்து இருக்குதாம். அங்கே குடிக்க மட்டும்தான் கிடைக்கும், சாப்பாட்டை நாமதான் கட்டிக்கிட்டுப் போகணும். பழைய பெஞ்சியில உக்காந்து, வாங்கின கறியையும் ரொட்டியையும் காகிதத்தோட பிரிச்சு வச்சோம். நான் குடிக்கறவன் இல்லை. எங்க ஊர்ல குடின்னா என்னன்னு பாத்து வளந்தவன். லம்புருஸ்கோன்னு நுரை பொங்கற சிவப்பு ஒயின்ல ரெண்டு மடக்கு, பின்யோலெத்தோன்னு வெள்ளை ஒயின்ல ஒரு மடக்கு, அத்தோட நிறுத்திக்கிட்டேன். புளிப்பா இருந்துச்சு. கொழுப்புக் கறிக்கு அந்தப் புளிப்பு வேணும்னு சாப்பிட்டதும் புரிஞ்சுது. பக்கத்து மேசையில தாத்தாக்கள் சீட்டாடிக்கிட்டு, ஒரு டம்ளரை ஒரு மணி நேரம் வச்சிருந்தாங்க.

அந்த பின்யோலெத்தோங்கிறது முன்னே திராட்சை ரகத்தோட பேர். ரகத்தோட பேர்னா எந்த ஊர்க்காரரும் நட்டு அதே பேர்ல வித்துக்கலாம். அதனால ரகத்துக்கு வேற பேர் வச்சுட்டு, பின்யோலெத்தோங்கிற பேரை மண்ணுக்குன்னு ஒதுக்கிட்டாங்க. இதைக் கேட்டதும் நம்ம மஞ்சள்தான் ஞாபகம் வந்துச்சு. 2019-ல ஈரோடு மஞ்சளுக்குப் புவிசார் குறியீடு கிடைச்சுது. காகிதத்துல பேர் இருக்குது. என் மூட்டையில இன்னும் ஏறலை.

இப்படியே இருந்தா நான் அந்த ஊரைச் சொர்க்கம்னு எழுதிட்டு முடிச்சிருப்பேன். உக்காந்திருந்தப்ப நான் கேட்டேன், இவ்வளவு பேரும் விலையும் இருக்கே, மாட்டுக்காரங்க பசங்க மாட்டையே பாத்துக்கறாங்களான்னு. அந்த அம்மா கொஞ்ச நேரம் பேசலை. அவங்க தாத்தா வீட்டுல மாடு இருந்துச்சாம். அப்பா காலத்துல வித்தாச்சு. அவங்களுக்குப் பால் கறக்கத் தெரியாது. "அப்ப இப்போ யார் கறக்கறாங்க?" "உங்க ஆளுங்கதான்"னாங்க. பஞ்சாப்காரங்க. 1980, 90-கள்ல இருந்தே அந்தப் பக்கத்து மாட்டுக் கொட்டகையில சீக்கியர்கள் நிறைய வேலை பாக்கறாங்க. நொவெல்லாராங்கிற ஊர்ல 2000-ல பெரிய குருத்துவாரா கட்டியிருக்காங்க. விடியக்காலையில எந்திரிச்சுக் கறக்கறதும், ராத்திரி கன்னு ஈனறதைப் பாத்துக்கறதும் அவங்கதான்.

எங்க பக்கம் நாத்து நட வங்காளத்துப் பசங்க வர்றாங்க. பஞ்சாப்ல இருந்து இத்தாலிக்கு, வங்காளத்துல இருந்து பவானிக்கு. பேரைக் காப்பாத்தச் சட்டம் போடலாம், விடியக்காலையில எந்திரிக்கச் சட்டம் போட முடியாது போலிருக்கு.

இதை ஏன் கேட்டேன்னா, எங்க வீட்டுலயும் இதே பேச்சு ஓடிக்கிட்டு இருக்குது. வீட்டுக்காரம்மாவுக்கு முழங்கால் வலி. குந்த முடியலை. மாட்டை வித்துருங்கன்னு பொண்ணும் பையனும் ஒரே பேச்சாச் சொல்றாங்க. அன்னிக்கு ராத்திரி அந்த வளைவுத் தாழ்வாரத்துக்குள்ளயே வீட்டுக்கு நடந்து வந்தோம். மழை பேஞ்சாலும் நனையாம ஊரையே சுத்தலாம், அவ்வளவு தாழ்வாரம். பொண்ணு மெதுவா, "உங்களுக்கு அப்புறம் யாருப்பா கறப்பா?"ன்னு கேட்டுச்சு. குத்திக்காட்டற கேள்வி இல்லை அது. நான் பதில் சொல்றதுக்கு முன்னாடி அவங்கம்மா சொன்னாங்க, "நாங்க இருக்கறவரைக்கும் நாங்க. அப்புறம் யாரோ. ஆனா அந்த யாரோவுக்குக் கட்டுபடியாகற விலை வேணும் கண்ணு."

வந்ததும் ஒரு மாட்டை வித்தாச்சு. பக்கத்து ஊர்ப் பையன் ஒருத்தன், மில்லு வேலையை விட்டுட்டு வந்தவன், வாங்கிக்கிட்டான். மீதி ரெண்டையும் நான் கறக்கறேன், அம்மா தீவனம் மட்டும் பாத்துக்கறாங்க. மஞ்சள் மாசியில வெட்டு. இந்தத் தடவை எல்லாத்தையும் ஏலத்துக்குக் கொண்டு போகலை. 200 கிலோவை வேக வச்சுக் காயப்போட்டு, அரைச்சுப் பை போடப்போறேன். பையில எந்தத் தோட்டம், எந்த மாசம் வெட்டினதுன்னு எழுதப்போறேன். வாங்கறதும் வாங்காததும் உங்க விருப்பம். மஞ்சப்பொடி எந்தக் கடையில வாங்கினாலும் சரி, இது எந்த ஊர் மஞ்சள்னு ஒருக்கா கேட்டுப் பாருங்க. கடைக்காரருக்குத் தெரியலைன்னா பரவாயில்லை. பத்துப் பேர் கேட்டா, பதினோராவது ஆள் வர்றதுக்குள்ள அவர் யார்கிட்டயாவது கேட்டு வச்சிருப்பார்.